ஹாலண்டேஸ் சாஸ்

ஹாலண்டேஸ் சாஸ் அல்லது ஒல்லாந்தேஸ் சுவைச்சாறு என்பது முட்டையின் மஞ்சட்கரு, உருக்கிய வெண்ணெய், எலுமிச்சைச் சாறு ஆகியவற்றை இளஞ்சூட்டில் அடித்துக் கலந்து செய்யப்படும் ஒரு பிரான்சிய சுவைச்சாறு ஆகும். உப்பும், வெள்ளை மிளகுத்தூள் அல்லது சிறிதளவு மிளகாய்த்தூளும் இதில் சேர்க்கப்படும். வெளிர் மஞ்சள் நிறமும், கரண்டியின் பின்புறத்தில் படியும் அளவுக்கு ஓரளவு கெட்டியான தன்மையும் கொண்டது. பிரான்சிய சமையலின் ஐந்து தாய்ச் சுவைச்சாறுகளுள் ஒன்றாக இது பொதுவாகக் கருதப்படுகிறது. ஏனைய நான்கு பெஷமெல், வெலூத்தே, எஸ்பாஞோல், தக்காளிச் சுவைச்சாறு என்பனவாகும்.

வேகவைத்த அஸ்பாரகஸ் தளிர்கள் (தண்ணீர்விட்டான் கொடியின் இனத்தைச் சேர்ந்த காய்கறி), மீன், போச்டு முட்டை (ஓடு நீக்கி வெந்நீரில் வேகவைத்த முட்டை) ஆகியவற்றுடன் இது பரிமாறப்படுகிறது. ஐக்கிய அமெரிக்காவில் ஹாஷ் எனப்படும் உருளைக்கிழங்கு-இறைச்சி வறுவலின் மேல் போச்டு முட்டையை வைத்து, அதன்மேல் இச்சாற்றை ஊற்றி உண்ணும் காலை உணவும் உண்டு. செய்பொருட்கள் மிகக் குறைவாக இருந்தாலும், எளிதில் திரிந்துவிடும் தன்மையினால் இது சமையல் பயிலும் மாணவர்களுக்கு ஒரு தேர்வாகவே விளங்குகிறது.

பெயர்

ஹாலண்டேஸ் என்ற பிரான்சியச் சொல்லுக்கு ஒல்லாந்து நாட்டிற்குரியது என்று பொருள். ஒல்லாந்து என்பது நெதர்லாந்தைக் குறிக்கத் தமிழில் நெடுங்காலமாக வழங்கிவரும் பெயர். இலங்கையை ஆண்ட டச்சுக்காரரை ஒல்லாந்தர் என்று அழைப்பதும் இதனாலேயே. பெயர் ஒல்லாந்தைச் சுட்டினாலும், இன்றுள்ள வடிவில் இச்சாறு பிரான்சிய சமையல் மரபில் உருப்பெற்றதாகும்.

இப்பெயர் குறித்து ஒரு கதை பரவலாகக் கூறப்படுகிறது. நோர்மாண்டிப் பகுதியில் வெண்ணெய்க்குப் பெயர்பெற்ற இஸிஞி என்ற ஊரின் பெயரால் இது முன்னர் இஸிஞிச் சாறு எனப்பட்டது என்றும், முதல் உலகப் போரின்போது வெண்ணெய் ஒல்லாந்திலிருந்து தருவிக்கப்பட்டதால் பெயர் மாறியது என்றும் அக்கதை கூறும். இது பொருந்தாது. அப்போர் 1914-இல் தொடங்கியது. ஹாலண்டேஸ் என்ற பெயரோ அதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்னரே சமையல் நூல்களில் காணப்படுகிறது.

வரலாறு

1651-இல் வெளியான லா வரேன் என்பவரின் 'லெ குசினியே பிரான்சுவா' என்ற சமையல் நூலில், அஸ்பாரகஸ் தளிர்களுக்கான ஒரு சாறு விளக்கப்பட்டுள்ளது. நல்ல வெண்ணெய், சிறிது வினாகிரி, உப்பு, சாதிக்காய் ஆகியவற்றுடன், சாறு கெட்டிப்படுவதற்காக முட்டை மஞ்சட்கருவும் சேர்க்கப்படுகிறது. பெயர் இல்லாவிடினும், இன்றைய ஹாலண்டேஸ் சாற்றின் அடிப்படை அமைப்பு இதில் உள்ளது.

பெயர் இருந்து பொருள் வேறுபட்ட நிலையும் உண்டு. பிரான்சுவா மரேன் எழுதிய 'லே தோன் த கோமுஸ்' நூலின் 1758-ஆம் ஆண்டுப் பதிப்பில் ஒல்லாந்துச் சாறு என்ற பெயரில் வரும் செய்முறையில் வெண்ணெய், மாவு, இறைச்சி வேகவைத்த நீர், மூலிகைகள் ஆகியன உள்ளன, மஞ்சட்கரு இல்லை. ஆகவே, இப்பெயரும் இச்செய்முறையும் தனித்தனியாகத் தோன்றிப் பின்னரே ஒன்றிணைந்தன எனக் கொள்ளலாம்.

இங்கிலாந்தில் இசபெல்லா பீட்டன் 1861-இல் வெளியிட்ட இல்லப் பராமரிப்பு நூலில் மீனுக்கான டச்சுச் சாறு இடம்பெற்றுள்ளது. 1903-இல் ஓகுஸ்ட் எஸ்கோஃபியே வெளியிட்ட 'லெ கீட் கூலினேர்' நூல் ஹாலண்டேஸ் சாற்றையும் அதன் வழித்தோன்றல்களையும் முறைப்படுத்தித் தந்தது. 1961-இல் சிமோன் பெக், லூயிசெத் பெர்தோல், ஜூலியா சைல்டு ஆகிய மூவரும் எழுதிய பிரான்சிய சமையற்கலை நூல், கையால் அடிக்கும் முறையுடன் மின்கலக்கியில் செய்யும் முறையையும் தந்தது.

வேதியியல்

எண்ணெயும் நீரும் இயல்பாகக் கலப்பதில்லை. ஒன்றை மற்றொன்றில் நுண்துளிகளாகச் சிதறச் செய்து நிலைநிறுத்தினால் கிடைக்கும் கலவை பால்மம் எனப்படும். பால், மயோனைஸ் ஆகியன பால்மங்களே. ஹாலண்டேஸ் சாறு, நீரில் வெண்ணெய்க் கொழுப்புத் துளிகள் சிதறியுள்ள வெதுவெதுப்பான பால்மம் ஆகும்.

மஞ்சட்கருவில் ஏறத்தாழப் பாதி நீர். மீதியில் பெரும்பகுதி கொழுப்பும் புரதமும் ஆகும். இதிலுள்ள லெசித்தின் என்ற பொருளின் மூலக்கூற்றில் ஒரு முனை நீரையும், மறுமுனை கொழுப்பையும் நாடும். கொழுப்புத் துளியின் மேற்பரப்பில் இம்மூலக்கூறுகளும் மஞ்சட்கருப் புரதங்களும் படிந்து உறைபோல் சூழ்ந்துகொள்வதால், அருகருகே உள்ள துளிகள் ஒன்றோடொன்று சேர்வது தடுக்கப்படுகிறது. இவ்வாறு செயற்படும் பொருள் பால்மமாக்கி எனப்படும். லெசித்தினைப் பிரான்சிய வேதியியலாளர் தியோதோர் கோப்லே 1840-களில் முட்டை மஞ்சட்கருவிலிருந்தே பிரித்தெடுத்தார். அதன் பெயரும் மஞ்சட்கருவைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது.

மயோனைஸ் செய்ய வெப்பம் தேவையில்லை. அதன் எண்ணெய் அறை வெப்பநிலையிலேயே நீர்மமாக இருக்கும். வெண்ணெயோ ஆறினால் உறைந்துவிடும். எனவே ஹாலண்டேஸ் சாறு வெண்ணெய் உறையாத அளவுக்குச் சூடாகவும், மஞ்சட்கரு இறுகாத அளவுக்குக் குளிர்ச்சியாகவும் இருக்க வேண்டும். தனி மஞ்சட்கரு ஏறத்தாழ 65 பாகை செல்சியசில் கெட்டிப்படத் தொடங்கி, 70 பாகையை அண்மிக்கும்போது இறுகிவிடும். நீரும் எலுமிச்சைச் சாறும் சேர்ப்பதால் இந்த எல்லை சற்று உயர்கிறது. எலுமிச்சை சுவைக்காக மட்டும் சேர்க்கப்படுவதன்று என்பது இதனால் விளங்கும்.

நீரின் அளவும் முதன்மையானது. கொழுப்புத் துளிகள் மிதப்பதற்குப் போதிய நீர் இல்லாவிடில், அவை நெருக்குண்டு ஒன்றுசேர்ந்து எண்ணெயாகப் பிரிந்துவிடும். அடுப்பில் வைத்து அடிக்கும்போது நீர் ஆவியாகிக் குறைவதாலும் இது நிகழலாம்.

செய்பொருட்கள்

நான்கு பேருக்குத் தேவையான அளவு பின்வருமாறு:

- முட்டை மஞ்சட்கரு - 3
- உப்பிடாத வெண்ணெய் - 200 கிராம்
- நீர் - 2 மேசைக்கரண்டி
- எலுமிச்சைச் சாறு - 1 மேசைக்கரண்டி
- உப்பு - தேவையான அளவு
- வெள்ளை மிளகுத்தூள் அல்லது மிளகாய்த்தூள் - ஒரு சிட்டிகை

வெண்ணெயில் ஏறத்தாழ 80 விழுக்காடு கொழுப்பும், 16 விழுக்காடு நீரும், சிறிதளவு பாற்பொருட்களும் உள்ளன. இதை உருக்கியபடியே பயன்படுத்துவோரும், தெளியவைத்து மேலுள்ள கொழுப்பை மட்டும் எடுத்துப் பயன்படுத்துவோரும் உள்ளனர். தெளிந்த வெண்ணெயால் சாறு கெட்டியாகும். உருக்கியபடியே சேர்த்தால் அதிலுள்ள நீரினால் சாறு சற்று நெகிழ்ந்திருக்கும். தெளிந்த வெண்ணெயும் நெய்யும் ஒன்றல்ல. நெய் காய்ச்சும்போது நீர் முழுவதும் வற்றி, பாற்பொருட்கள் சிவந்து தனி மணம் உண்டாகிறது. நெய்யைக் கொண்டும் பால்மம் உருவாகும். ஆயினும் அதன் மணம் இச்சாற்றின் மென்மையான சுவையை மறைத்துவிடும்.

செய்முறை

1. வெண்ணெயைச் சிறுதீயில் உருக்கி, கை பொறுக்கும் சூட்டில் வைத்துக்கொள்ள வேண்டும்.
2. ஒரு பாத்திரத்தில் இரண்டு விரற்கடை உயரத்திற்கு நீரூற்றி, கொதிக்கவிடாமல் ஆவி எழும் நிலையில் வைக்க வேண்டும். அதன் வாயில் பொருந்தும் அகன்ற கிண்ணம் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். கிண்ணத்தின் அடி நீரைத் தொடக்கூடாது.
3. மஞ்சட்கரு, நீர், பாதியளவு எலுமிச்சைச் சாறு ஆகியவற்றைக் கிண்ணத்தில் இட்டு, கம்பிக் கலக்கியால் இடைவிடாது அடிக்க வேண்டும். மூன்று அல்லது நான்கு மணித்துளிகளில் கலவை நுரைத்து, வெளுத்து, கெட்டிப்படும். கலக்கி சென்ற தடத்தில் கிண்ணத்தின் அடி ஒரு கணம் தெரிந்து மறைவது சரியான பதம் ஆகும்.
4. கிண்ணத்தை ஆவியிலிருந்து இறக்கி, வெண்ணெயை முதலில் துளித்துளியாகச் சேர்த்து அடிக்க வேண்டும். கலவை கெட்டிப்படத் தொடங்கிய பின்னர் மெல்லிய தாரையாக ஊற்றலாம்.
5. மீதியுள்ள எலுமிச்சைச் சாறு, உப்பு, மிளகுத்தூள் ஆகியவற்றைச் சேர்த்துச் சுவை பார்க்க வேண்டும். மிகவும் கெட்டியாக இருப்பின் ஒரு கரண்டி வெந்நீர் சேர்த்து இளக்கலாம்.

மின்கலக்கியில் செய்யும்போது மஞ்சட்கரு, எலுமிச்சைச் சாறு, நீர் ஆகியவற்றைச் சுற்றவிட்டு, நன்கு சூடான வெண்ணெயைச் சிறிது சிறிதாக ஊற்ற வேண்டும். இம்முறையில் மஞ்சட்கருவைச் சூடாக்குவது வெண்ணெய் மட்டுமே. செய்வது எளிது, எனினும் கையால் அடிக்கும்போது கிடைக்கும் நுரைப்பு இதில் குறைவு.

திரிதலும் திருத்தமும்

இச்சாறு மூன்று வகைகளில் பிழைபடுகிறது. பார்வைக்கு இவை ஒன்றுபோல் தோன்றினாலும் காரணங்கள் வேறு என்பதால், திருத்தும் முறைகளும் வேறுபடுகின்றன.

எண்ணெய் பிரிதல்: வெண்ணெயை விரைந்து ஊற்றுவதாலோ, நீர் வற்றுவதாலோ நிகழ்கிறது. சாறு திடீரென நீர்த்து, ஓரங்களில் எண்ணெய் மின்னும். தொடக்கத்திலேயே கவனித்தால் ஒரு மேசைக்கரண்டி வெந்நீர் சேர்த்து அடிப்பது போதும். முழுவதும் பிரிந்துவிட்டால், வேறொரு கிண்ணத்தில் ஒரு மஞ்சட்கருவையும் ஒரு கரண்டி நீரையும் இளஞ்சூட்டில் அடித்துக்கொண்டு, பிரிந்த சாற்றை வெண்ணெய் சேர்ப்பது போலவே சிறிது சிறிதாகச் சேர்க்க வேண்டும்.

மஞ்சட்கரு இறுகுதல்: சூடு மிகுவதால் நிகழ்கிறது. சாற்றில் மணல் போன்ற சிறு பருக்கைகள் தென்படும். புரதம் இறுகியபின் அதை மீண்டும் இளகச் செய்ய இயலாது. பருக்கைகள் தென்பட்டவுடன் கிண்ணத்தின் அடியைக் குளிர்ந்த நீரில் வைத்து அடித்து, மெல்லிய வடிகட்டியில் வடித்தால் ஒரு பகுதியை மீட்கலாம். பொரித்த முட்டை போல் ஆகிவிட்டால் புதிதாகச் செய்வதே வழி.

வெண்ணெய் உறைதல்: ஆறிய சாற்றில் நிகழ்கிறது. உறைந்த சாற்றை நேரடியாக அடுப்பில் சூடாக்கினால் அது பிரிந்துவிடும். இரண்டு கரண்டி சாற்றை மட்டும் முதலில் இளஞ்சூட்டில் அடித்து இளக்கி, மீதியைப் படிப்படியாக அதனுடன் சேர்க்க வேண்டும்.

போச்டு முட்டையுடனும் ஹாஷுடனும் பரிமாறல்

ஹாஷ் என்ற சொல் நறுக்குதல் எனப் பொருள்படும் பிரான்சியச் சொல்லிலிருந்து ஆங்கிலத்திற்கு வந்தது. பொடியாக நறுக்கிய இறைச்சி, உருளைக்கிழங்கு, வெங்காயம் ஆகியவற்றை இரும்பு வாணலியில் முறுக வறுத்தெடுப்பது இதன் பொதுவான வடிவம் ஆகும். முதல்நாள் எஞ்சிய இறைச்சியை வீணாக்காமல் பயன்படுத்தும் சிக்கன உணவாக இது வழங்கிவந்தது. அமெரிக்காவில் உப்பூட்டிய மாட்டிறைச்சி இதற்குப் பெரிதும் பயன்படுகிறது. அந்நாட்டின் நியூ இங்கிலாந்துப் பகுதியில் பீட்ரூட் சேர்த்துச் செய்யும் ஹாஷ், அதன் சிவப்பு நிறத்தால் சிவப்புக் கம்பளி ஹாஷ் எனப்படுகிறது. இறைச்சி சேர்க்காமல் காளான், குடைமிளகாய் முதலியவற்றைக் கொண்டும் ஹாஷ் செய்யலாம்.

நான்கு பேருக்கு 600 கிராம் உருளைக்கிழங்கு, 300 கிராம் வேகவைத்த உப்பு இறைச்சி, ஒரு பெரிய வெங்காயம் போதுமானது. கிழங்கை ஒரு செண்டிமீட்டர் துண்டுகளாக நறுக்கி, உப்பு நீரில் ஐந்து மணித்துளிகள் வேகவைத்து, ஈரம் உலரும்வரை வடியவிட வேண்டும். ஈரம் இருந்தால் கிழங்கு முறுகாது. வெங்காயத்தை வதக்கி, கிழங்கையும் இறைச்சியையும் சேர்த்து, வாணலியில் அழுத்திப் பரப்பி, அடிப்பக்கம் பொன்னிறமாகும்வரை கிளறாமல் விட வேண்டும். பின்னர் திருப்பிப் போட்டு மறுபக்கத்தையும் அவ்வாறே முறுகவிட வேண்டும்.

போச்டு முட்டைக்குப் புதிய முட்டை சிறந்தது. முட்டை பழையதாக ஆக அதன் வெண்கரு நீர்த்துப்போவதால், வெந்நீரில் இழை இழையாகப் பரவிவிடும். முட்டையை முதலில் சிறு வடிகட்டியில் உடைத்து ஊற்றி, நீர்த்த வெண்கருவை வடியவிட்டால் இதைத் தவிர்க்கலாம். நீர் கொதிக்காமல், அடியில் சிறு குமிழிகள் தோன்றும் நிலையில் இருக்க வேண்டும். சிறிது வினாகிரி சேர்ப்பது வெண்கரு விரைந்து இறுக உதவும். மூன்று அல்லது நான்கு மணித்துளிகளில் வெண்கரு வெந்து, மஞ்சட்கரு இளகிய நிலையில் இருக்கும்.

மூன்றும் ஒரே நேரத்தில் சூடாகத் தட்டிற்கு வரவேண்டும் என்பதால், செய்யும் வரிசையைத் திட்டமிடுதல் வேண்டும். ஹாஷை முதலில் தொடங்க வேண்டும். அது சூட்டைத் தாங்கி நிற்கும். அது முறுகும் நேரத்தில் சுவைச்சாற்றைச் செய்து, வெந்நீரில் அலசிய வெப்பக்குடுவையில் ஊற்றி மூடலாம். முட்டை இறுதியாக வேகவைக்கப்படுகிறது. உணவு விடுதிகளில் முட்டைகளை முன்னரே வேகவைத்துக் குளிர்ந்த நீரில் இட்டு, பரிமாறும்போது வெந்நீரில் சூடாக்கிக்கொள்வதும் வழக்கம். பரிமாறுமுன் முட்டையின் ஈரத்தைத் துணியில் ஒற்றியெடுக்காவிடில், சாறு வழுக்கி வழிந்துவிடும். ஹாஷின் உப்பையும் கொழுப்பையும் எலுமிச்சையின் புளிப்பு ஈடுசெய்வதால், இவ்வுணவுக்கான சாற்றில் புளிப்புச் சற்று மிகுந்திருப்பது நன்று.

பிற பயன்பாடுகள்

இச்சாறு சேரும் உணவுகளுள் பரவலாக அறியப்பட்டது எக்ஸ் பெனடிக்ட் ஆகும். இரண்டாகப் பிளந்து வாட்டிய மஃபின் ரொட்டியின்மேல் பன்றியிறைச்சி, போச்டு முட்டை, ஹாலண்டேஸ் சாறு ஆகியன வைக்கப்படுகின்றன. இதன் தோற்றம் நியூயார்க் நகரைச் சார்ந்தது எனினும், அதற்கு உரிமை கோருவோர் பலர். டெல்மானிக்கோ உணவகத்தின் தலைமைச் சமையலராக விளங்கிய சார்லஸ் ரன்ஹோஃபர் 1894-இல் வெளியிட்ட நூலில் இதையொத்த ஓர் உணவு உள்ளது. லெமுவேல் பெனடிக்ட் என்பவர் அதே 1894-இல் வால்டோர்ஃப் விடுதியில் இதைக் கேட்டுப் பெற்றதாக, 1942-இல் நியூயார்க்கர் இதழில் செய்தி வெளிவந்தது.

செருமனியில் இளவேனிற்காலத்தில் விளையும் வெள்ளை அஸ்பாரகஸ் தளிர்கள் உருளைக்கிழங்கு, ஹாம் ஆகியவற்றோடு இச்சாற்றுடன் உண்ணப்படுகின்றன. மரபுப்படி அப்பருவம் சூன் 24 அன்று முடிவடைகிறது. ஒல்லாந்தின் பெயர் தாங்கிய சாறு இதுவாயினும், நெதர்லாந்தில் அதே தளிர்களை உருக்கிய வெண்ணெய், அவித்த முட்டை, ஹாம் ஆகியவற்றுடன் உண்ணும் வழக்கமும் உண்டு.

வழித்தோன்றல்கள்

- பேயர்னேஸ்: எலுமிச்சைக்கு மாறாக, சிறுவெங்காயம், டாரகன் மூலிகை ஆகியவற்றுடன் வற்றக் காய்ச்சிய வினாகிரி சேர்க்கப்படுகிறது. வாட்டிய இறைச்சிக்கு ஏற்றது.
- ஷோரோன்: பேயர்னேஸ் சாற்றுடன் தக்காளி விழுது சேர்ந்தது.
- முஸ்லின்: அடித்த பாலேடு சேர்ந்தது. மீனுக்கும் காய்கறிகளுக்கும் பயன்படுகிறது.
- மால்தேஸ்: செந்நிற ஆரஞ்சுப் பழத்தின் சாறு சேர்ந்தது. அஸ்பாரகஸ் தளிர்களுடன் பரிமாறப்படுகிறது.
- நுவசெத்: சிவக்கக் காய்ச்சிய வெண்ணெய் சேர்ந்தது.

உணவுப் பாதுகாப்பு

முட்டையில் சால்மோனெல்லா என்ற பாக்டீரியா இருக்கக்கூடும். இது வயிற்றுப்போக்கு, காய்ச்சல் ஆகியவற்றை உண்டாக்கும். முட்டை சேர்ந்த உணவுகளை 71 பாகை செல்சியசு வரை சூடாக்குமாறு ஐக்கிய அமெரிக்க வேளாண் துறை அறிவுறுத்துகிறது. 4 முதல் 60 பாகை வரையிலான வெப்பநிலையில் பாக்டீரியாக்கள் விரைந்து பெருகும் என்பதும், அந்நிலையில் உணவை இரண்டு மணி நேரத்திற்கு மேல் வைத்திருக்கலாகாது என்பதும் அத்துறையின் விதிகளாகும்.

ஹாலண்டேஸ் சாற்றின் இடர் இங்குதான் உள்ளது. சுவையும் பதமும் கெடாமல் அதை வைத்திருக்கும் வெப்பநிலை, பெரும்பாலும் பாக்டீரியாக்கள் பெருகும் எல்லைக்குள்ளேயே அமைகிறது. ஆகவே, தேவையான அளவு மட்டும் செய்து உடனே உண்பதும், நெடுநேரம் நின்ற சாற்றைக் கொட்டிவிடுவதும் நல்லது. பழைய சாற்றுடன் புதிய சாற்றைக் கலக்கலாகாது. குழந்தைகள், கர்ப்பிணிகள், முதியோர், நோய் எதிர்ப்பாற்றல் குறைந்தோர் ஆகியோருக்குச் செய்யும்போது, ஓட்டுடனேயே மிதமான சூட்டில் பாச்சர் முறையில் தூய்மைப்படுத்தப்பட்ட முட்டைகளைப் பயன்படுத்தலாம். அம்முட்டைகளாலும் பால்மம் நன்கு உருவாகும்.

விதிகள் நாட்டுக்கு நாடு வேறுபடுகின்றன. ஐக்கிய இராச்சியத்தில் கோழிகளுக்குத் தடுப்பூசி இடுதல் உள்ளிட்ட கட்டுப்பாடுகளின்கீழ் உற்பத்தியாகிச் சிங்க முத்திரை பெறும் முட்டைகளைக் குழந்தைகள், கர்ப்பிணிகள், முதியோர் ஆகியோரும் அரைவேக்காடாக உண்ணலாம் என அந்நாட்டு உணவுத் தர முகமை 2017-இல் தன் அறிவுரையை மாற்றியது. நோய் எதிர்ப்பாற்றல் மிகக் குறைந்தோருக்கு இது பொருந்தாது. இத்தகைய முத்திரை இல்லாத இடங்களில், முட்டை எங்கிருந்து வந்தது என்பது அறியப்படாவிடில், அதை முழுதும் வேகவைத்து உண்பதே பாதுகாப்பானது.

இவற்றையும் பார்க்க

- மயோனைஸ்
- பால்மம்
- லெசித்தின்
- எக்ஸ் பெனடிக்ட்
- பிரான்சிய சமையல்